கடைசிப் பயணியாக நடித்தவர்

என் மனைவி எடுத்த படங்களில் நான் ஏழு முறை செத்திருக்கிறேன். ஒரு தடவை மாடிப்படியில் உருண்டு, ஒரு தடவை குளியலறையில் வழுக்கி, மற்ற தடவைகளில் காரணமே சொல்லாமல். "உங்களுக்குச் சும்மா கிடக்கத்தான் வரும், நடிக்க வராது" என்பது இவளுடைய கணிப்பு. தொழில் தெரிந்தவள் சொல்கிறாள் என்று நானும் பேசாமல் கிடந்தேன்.

நான் பல் கட்டுகிறவன். பல் டாக்டர்கள் அளவெடுத்து அனுப்புவார்கள், நான் உட்கார்ந்து செயற்கைப் பல் செய்து கொடுப்பேன். இவள் படம் எடுக்கிறவள். கதை இவள், கேமரா இவள், விளக்கைத் தூக்கி நிறுத்துவதும் இவள். தலைக்கு மேல் கம்பெனியோ முதலாளியோ கிடையாது. ஒரு பத்திரிகைக்காரர் இவளைச் 'சுயாதீனத் திரைக்கலைஞர்' என்று எழுதினார். என் அக்கா அதைப் படித்துவிட்டு, "வேலை இல்லாததுக்கு இப்படியும் ஒரு பேர் இருக்கா?" என்று கேட்டாள்.

அக்கா பேருந்து ஓட்டுகிறவள். அவள் வாய்க்குப் பயந்து பணிமனை மேலாளரே பின்பக்க வாசல் வழியாகப் போவார் என்பார்கள். எனக்குக் கல்யாணம் ஆனதே அவள் போட்ட ஒரு சண்டையால்தான்.

இவள் அப்போது பாஸ்போர்ட் அளவுப் படம் எடுக்கும் ஒரு சின்ன ஸ்டூடியோவில் வேலை பார்த்தாள். வருகிறவர்கள் கழுத்தை நிமிர்த்தி, மூச்சைப் பிடித்து, போலீஸ் கேட்டதற்குப் பதில் சொல்லப்போகிறவர்களைப் போல உட்காருவார்கள். விளக்கு பளிச்சென்று வெட்டியதும் "முடிஞ்சுதா?" என்று கேட்டு மூச்சை விடுவார்கள். அந்த நொடியில்தான் அவரவர் முகம் அவரவரிடம் திரும்பி வருகிறது என்று இவள் கண்டுபிடித்திருக்கிறாள். யாருக்கும் தெரியாமல் அப்போது இன்னொரு படம் எடுத்து, அதையும் உறையில் வைத்துக் கொடுப்பாள். பலருக்கும் அது பிடித்துப்போனது. இரண்டாவது படத்தைத்தான் வீட்டில் மாட்டினார்கள்.

அக்கா கனரக வண்டி உரிமத்துக்காகப் படம் எடுக்கப் போனாள். துணைக்கு நானும் போயிருந்தேன். விளக்கு வெட்டியது. அக்கா மூச்சை விட்டுவிட்டு, வாசல் கண்ணாடியில் தலை சீவிக்கொண்டிருந்த என்னைப் பார்த்தாள். இவள் சும்மா இருப்பாளா? எடுத்துவிட்டாள். உறையைப் பிரித்த அக்கா, இரண்டாவது படத்தைப் பார்த்ததும் அங்கேயே அதைச் சுக்குநூறாகக் கிழித்தாள்.

"யாரைக் கேட்டு எடுத்தே? நான் பார்க்கும்போது எடுத்தா அது ஃபோட்டோ. பார்க்காதப்ப எடுத்தா திருட்டு!"

முதலாளி அன்றைக்கே இவளை வீட்டுக்கு அனுப்பிவிட்டார். நம்மால் ஒரு பெண்ணுக்கு வேலை போய்விட்டதே என்று மறுநாள் மன்னிப்புக் கேட்கப் போனேன். போனவன் போனவன்தான். சும்மா இருந்த சங்கை ஊதிக் கெடுத்த கதை என்று அக்கா இன்றைக்கும் சொல்லிக்காட்டுவாள். எனக்கென்னவோ அந்தச் சங்கு நன்றாகவே ஊதியதாகத் தோன்றுகிறது.

கல்யாணத்துக்குப் பிறகும் அக்கா இவளிடம் முகம் கொடுத்துப் பேசியதில்லை. கெட்டதும் சொல்ல மாட்டாள், நல்லதும் சொல்ல மாட்டாள். வீட்டுக்கு யாராவது வந்து இவள் யாரென்று கேட்டால், "இதுவா? தம்பி கட்டிக்கிட்டு வந்தது" என்பாள். என்னவோ கடையிலிருந்து மேசை வாங்கி வந்த மாதிரி. இவள் சிரித்துக்கொண்டே தட்டுகளை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விடுவாள். உள்ளே போன பிறகு அந்தச் சிரிப்பு இருக்காது என்பது எனக்குத் தெரியும்.

வேலை போனவள் ஒரு பழைய கேமராவை வாங்கிக் கூலிக்குப் படம் எடுக்க ஆரம்பித்தாள். ஒரு தொழிற்சாலையில், கையுறை போடாமல் வேலை செய்யாதீர்கள் என்று சொல்ல ஒரு படம் கேட்டார்கள். வேறு யாராவது என்றால் சிவப்புச் சாயத்தை ஊற்றி விரல் வெட்டுப்பட்டதாகக் காட்டியிருப்பார்கள். இவள் ஆணியில் தொங்கும் ஒரு கையுறையை எடுத்தாள். காலையில் எல்லோரும் அதைக் கடந்து போகிறார்கள். மதியம் கடந்து போகிறார்கள். சாயங்காலம் விளக்கை அணைத்துவிட்டுப் போகிறார்கள். அவ்வளவுதான் படம்.

"இதுல ஆபத்து எங்கம்மா?" என்று மேலாளர் கேட்டாராம்.

"ஆபத்து இல்ல சார். அதைப் பார்த்தா பாவமா இல்லையா?"

பாவமாகத்தான் இருந்திருக்கிறது. அடுத்த வாரம் ஆணியில் ஒரு கையுறைகூடத் தொங்கவில்லை என்று அவரே தொலைபேசியில் கூப்பிட்டுச் சொன்னார்.

பள்ளிக்கூடப் பிள்ளைகளைப் பல் துலக்க வைப்பதற்கு ஒரு படம். அதற்கு நான் ஆள் உயரத்துக்கு ஒரு வாய் நிறையப் பல் செய்து கொடுத்தேன். கேமரா வாய்க்குள் இருந்தது. தரை துடைக்கும் பிரஷ் ஒன்று தூரத்திலிருந்து நுரை தள்ளிக்கொண்டு நம்மை நோக்கி வரும். பிள்ளைகள் அலறிவிட்டு, மறுபடி போடச் சொன்னார்கள்.

கூலி வேலை இல்லாத நாட்களில் சொந்தப் படம். எங்கள் சமையலறையில் வராத பருவம் இல்லை. வெள்ளைத் தட்டு நிலாவாகும். மாவுச் சல்லடைக்குப் பின்னால் விளக்கை வைத்தால் மர நிழல் விழும். ஜன்னலுக்கு வெளியே நான் பூவாளியைப் பிடித்துக்கொண்டு நின்றால் மழை. "உங்க வீட்டுக்கு மட்டும் தனியா மழை பெய்யுதே, எப்படி?" என்று கீழ்வீட்டுக்காரர் நனைந்த துணியோடு வந்து கேட்டிருக்கிறார். அவரையும் சமாதானப்படுத்தி ஒரு படத்தில் தபால்காரராக நடிக்க வைத்தாள்.

வெளிச்சத்தை அளப்பதற்குக் கருவி இருக்கிறது. வாங்கியும் வைத்திருக்கிறாள். ஆனால் எங்கே போனாலும் முதலில் உள்ளங்கையை விரித்து வெயிலில் நீட்டுவாள். ரேகை எவ்வளவு கறுப்பாகத் தெரிகிறது என்று பார்ப்பாள். அப்புறம்தான் கருவி. கல்யாணமான புதிதில், இவள் ஜோசியம் பார்க்கிறாளோ என்றுகூட நினைத்தேன்.

ஒரு நாள் இவள் அக்கா ஓட்டிய பேருந்தில் ஏறியிருக்கிறாள். இவள் ஏறியதை அக்கா கவனிக்கவில்லை. கடைசி நிறுத்தத்தில் ஒரு பள்ளிக்கூடப் பெண் இருக்கையிலேயே தூங்கிப்போயிருந்தாள். அக்கா அவளை உடனே எழுப்பவில்லை. வண்டியை அணைத்துவிட்டு, தலைக்கு மேலே இருந்த கண்ணாடியில் அவளையே பார்த்துக்கொண்டிருந்தாளாம்.

வீட்டுக்கு வந்த இவளுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. "அன்னைக்குக் கிழிச்சாங்களே, அதே முகம்ங்க. உங்களைப் பார்த்தப்ப இருந்த முகம். அது உள்ளேயேதான் இருக்கு" என்றாள்.

அப்படிப் பிறந்ததுதான் இவளுடைய முதல் முழுநீளப் படம். கதை உள்ளங்கையில் அடங்கும். பேருந்து ஓட்டும் ஒரு பெண்ணின் ஒரு நாள். கடைசி நடையில், கடைசி இருக்கையில், ஒரு பயணி தூங்குகிறார். அவள் கண்ணாடியில் பார்க்கிறாள். எழுப்ப மனம் வராமல் இன்னொரு சுற்று ஓட்டுகிறாள். அந்த ஒரு பார்வைக்காகத்தான் மொத்தப் படமும். அது இல்லையென்றால் எரிபொருள் செலவுதான் மிச்சம்.

நடிக்க வேண்டியவள் அக்காதான் என்று இவள் ஒற்றைக்காலில் நின்றாள். நான் பூனைக்கு மணி கட்டப் போகிறவனைப் போல அக்காவிடம் போனேன். எல்லோரும் ஆச்சரியப்படும்படி அக்கா சம்மதித்தாள். தன் வேலையை ஒருத்தர் படமாக எடுப்பது உள்ளுக்குள் அவளுக்குப் பிடித்திருந்தது என்று நினைக்கிறேன். ஆனால் நிபந்தனை போட்டாள், அதுவும் இவள் முகத்தைப் பார்த்து.

"எடுக்கும்போது எடுக்கறேன்னு வாயைத் திறந்து சொல்லணும். நிறுத்தும்போது போதும்னு சொல்லணும். நடுவுல பழைய திருட்டு வேலை ஏதாவது காட்டினா, கேமரா டயருக்கு அடியில போயிடும்."

"சத்தியமா மாட்டேன்க்கா" என்றாள் இவள். தன்னுடைய தொழிலில் தனக்கு நன்றாக வருகிற ஒரே வித்தையைச் சத்தியம் செய்து கைவிட்டாள்.

இரண்டு வருடம், விடுமுறை நாட்களில் எல்லாம் எடுத்தார்கள். சக்கரத்தைத் திருப்பும் அக்காவின் கை அற்புதம். மிதிகட்டையில் அவள் கால் அற்புதம். முதுகுகூட அற்புதம். முகம்தான் வரவில்லை. இவள் "எடுக்கறேன்க்கா" என்று சொன்னவுடன் அக்கா கழுத்தை நிமிர்த்தி, மூச்சைப் பிடித்து, பாஸ்போர்ட் அளவுக்குச் சுருங்கிவிடுவாள். கடைசிக் காட்சியை மட்டும் இவள் தள்ளிப்போட்டுக்கொண்டே வந்தாள். பழகப் பழகச் சரியாகும் என்று ஒரு நம்பிக்கை.

அதற்குள் அக்காவுக்கு மாற்றல் வந்தது. தொலைவில் வேறு ஊரில், புதிய ஓட்டுநர்களுக்குப் பயிற்சி கொடுக்கும் வேலை. கௌரவமான வேலைதான். கிளம்புவதற்கு முந்தின நாள், உடைக்கப் போகவிருந்த ஒரு பழைய பேருந்தைப் பணிமனை முற்றத்தில் சாயங்காலம் வரை எங்களுக்கு விட்டுக்கொடுத்தார்கள். அந்த வண்டியும் அக்காவும் மறுபடி சேர்ந்து கிடைக்க மாட்டார்கள். அன்றைக்கு விட்டால் விட்டதுதான்.

இவள் கேமராவை ஓட்டுநர் முன்னால், கண்ணாடிக்குக் கீழே, உள்பக்கம் பார்த்து வைத்தாள். கிட்டத்தில் அக்காவின் முகம், பின்னால் நீண்டு கிடக்கும் காலி இருக்கைகள், கோடியில் கடைசி இருக்கை. அந்த இருக்கையில் தூங்கும் பயணி நான். செத்துச் செத்துத் தூங்கும் அளவுக்கு முன்னேறியிருந்தேன்.

கேமரா ஓடும்போது அதன் முன்னால் ஒரு சிவப்பு விளக்கு எரியும். அக்காவின் கண் நேராக அதற்குத்தான் போகிறது, அதனால்தான் விறைக்கிறாள் என்று இவளுக்குத் தோன்றியது. கறுப்பு டேப்பை எடுத்து அதை மூடி ஒட்டினாள். பின்பக்கமும் ஒரு விளக்கு உண்டு. அது முன் கண்ணாடியில் பிரதிபலித்தது, அதையும் மூடினாள். கேமராவின் திரையில் எண்ணும் எழுத்தும் இருந்தால் இவளுக்குப் படம் பார்க்க முடியாது, ஆகவே அவற்றை எப்போதும் அணைத்துத்தான் வைத்திருப்பாள். ஆக, கேமரா ஓடுகிறதா நிற்கிறதா என்று கேமராவைத் தவிர யாருக்கும் தெரியாது.

ஓட்டுவதற்கும் நிறுத்துவதற்கும் ஒரே பொத்தான்தான். ஒரு தடவை அமுக்கினால் ஓடும், இன்னொரு தடவை அமுக்கினால் நிற்கும்.

"எடுக்கறேன்க்கா." அமுக்கினாள். அக்கா விறைத்தாள். "போதும்க்கா." அமுக்கினாள். அக்கா மூச்சு விட்டாள். மதியம் வரை இதேதான். டேப் ஒட்டி ஒரு பயனும் இல்லை.

பிற்பகலில் இவள், "வெயில் கடைசி ஜன்னலுக்கு வரட்டும். அதுவரைக்கும் ஓய்வு" என்று சொல்லிவிட்டு, கடைசி இருக்கையில் போய் உட்கார்ந்து உள்ளங்கையை நீட்டிக்கொண்டாள். நான் தேநீர் வாங்கப் போனேன். பணிமனைக் கடையில் கூட்டம், கொஞ்சம் நேரமாகிவிட்டது. திரும்பி வந்தபோது இவள் அங்கேயே தூங்கி எழுந்து கண்ணைக் கசக்கிக்கொண்டிருந்தாள். மேலே அக்காவின் சீருடைக் கோட்டு.

இவள் என்னைப் பார்த்துச் சிரித்தாள். "பரவாயில்லையே! போர்த்தி விட்டுட்டுப் போற அளவுக்கு அக்கறை வந்துடுச்சா?"

நான் அக்காவைப் பார்த்தேன். அக்கா ஜன்னலைப் பார்த்தாள். நானும் மறுக்கவில்லை. வலிய வந்த புண்ணியத்தை யார் வேண்டாம் என்பார்கள்?

மீதி வெயிலில் இன்னும் சில தடவை எடுத்தார்கள். அதே பாஸ்போர்ட். இருட்டத் தொடங்கியதும் இவள் கேமராவைப் பையில் வைத்தாள். "நல்லா வந்துச்சா?" என்று அக்கா கேட்டாள். "வந்துச்சுக்கா" என்று இவள் பொய் சொன்னாள்.

வீட்டுக்கு வந்து கம்ப்யூட்டரில் போட்டுப் பார்த்தால், இவளுக்குப் பேயறைந்தது போல் ஆகிவிட்டது. அக்கா விறைத்து உட்கார்ந்த ஒரு காட்சிகூடப் பதிவாகவில்லை. நடுநடுவே கிடந்த நேரம் மட்டும் பதிவாகியிருந்தது. டேப் ஒட்டும்போதே கட்டைவிரல் பட்டுக் கேமரா ஓட ஆரம்பித்திருக்கிறது. அதன் பிறகு இவள் "எடுக்கறேன்" என்று அமுக்கியபோதெல்லாம் அது நின்றது. "போதும்" என்று அமுக்கியபோதெல்லாம் ஓடியது. நாள் முழுக்க ஒரு அடி தப்பியே நடந்திருக்கிறோம்.

அக்கா கொட்டாவி விடுகிறாள். நான் காது குடைகிறேன். இவள் டேப்பைப் பல்லால் கிழிக்கிறாள். இப்படியே போய்க்கொண்டிருந்தபோது பிற்பகல் வந்தது.

தூரத்தில் கடைசி இருக்கையில் இவள் உள்ளங்கையை விரித்து வைத்திருக்கிறாள். மெல்லத் தலை சாய்கிறது. கை அப்படியே விரிந்தபடி மடியில் விழுகிறது. கிட்டத்தில் அக்கா எதையோ மென்றுகொண்டிருக்கிறாள். சத்தம் இல்லையே என்று திரும்பிப் பார்க்கிறாள். எழுந்து, அவ்வளவு நீளமும் நடந்து போய், இவள் மேல் விழும் வெயிலை முதுகால் மறைத்துக்கொண்டு நிற்கிறாள். கோட்டைக் கழற்றிப் போர்த்துகிறாள். ஜன்னலைச் சத்தம் வராமல் இழுத்து மூடுகிறாள். திரும்பி வந்து தன் இடத்தில் உட்கார்ந்து, மேலே இருந்த கண்ணாடியைக் கொஞ்சம் திருப்பி, பின்னால் பார்க்கிறாள். பார்த்துக்கொண்டே இருக்கிறாள்.

"சாப்பிடாம கொள்ளாம, என்னத்துக்கு இப்படி அலையுது..." என்று முணுமுணுக்கிறாள்.

அந்த முகம்தான். கிழித்துப் போட்ட முகம், பள்ளிக்கூடப் பெண்ணைப் பார்த்த முகம். இந்தத் தடவை அது பார்த்தது இவளை.

நான் துள்ளிக் குதித்தேன். இவள் அசையவில்லை. திரையைப் பார்த்தபடி, "கோட்டு போட்டது நீங்க இல்லையா?" என்று மட்டும் கேட்டாள். முழுப் பூசணிக்காயை எத்தனை நேரம்தான் மறைப்பது? இல்லை என்று தலையாட்டினேன். அதன் பிறகு இவள் ரொம்ப நேரம் அழுதாள். சந்தோஷமா துக்கமா என்று கேட்டதற்கு, "ரெண்டும்தான், போங்க" என்றாள்.

மறுநாள் காலையில் அக்கா ஊருக்குக் கிளம்பிப் போன பிறகு, இவள் தெளிவாக இருந்தாள். "இதைப் படத்துல வைக்க முடியாது. இது நான் எடுத்தது இல்ல. திருடினது."

"நீ வேணும்னேவா பண்ணினே? கை தவறினது."

"அக்காவுக்குத் தெரியாம எடுக்க மாட்டேன்னு சத்தியம் பண்ணினேன். இப்ப அவங்களுக்குத் தெரியாது. அவ்வளவுதான்."

"இது இல்லாம படம்?"

"இல்ல. அதான் கேட்கப் போறேன். வேணாம்னு சொன்னா அவங்க முன்னாடியே அழிச்சிடுவேன்."

இரண்டு வருட உழைப்பைப் பையில் போட்டுக்கொண்டு, அக்காவின் ஊருக்கு ரயில் ஏறினோம். என் அக்காவை எனக்குத் தெரியும். அவள் வேண்டாம் என்று சொல்வதற்கு யோசிக்கவே மாட்டாள்.

புதிய பணிமனைக்குப் பின்னால் அக்காவுக்கு ஒற்றை அறை. பிரிக்காத பெட்டிகள், ஒரு நாற்காலி, சுவரில் பயிற்சி நேர அட்டவணை. நாற்காலியில் இவள் கம்ப்யூட்டரை வைத்தாள். அக்கா நின்றுகொண்டே பார்த்தாள். முடிந்தது.

"இன்னொரு தடவை போடு."

போட்டாள். மறுபடி முடிந்தது.

"நான் என்ன சொல்லியிருந்தேன்?" என்றாள் அக்கா.

இவள் நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னாள். டேப், விரல், பொத்தான், எல்லாம். அக்கா இடுப்பில் கை வைத்துக்கொண்டு கேட்டாள்.

"எடுக்கறேன்னு சொல்லிட்டு எடுக்கல. போதும்னு சொல்லிட்டு எடுத்திருக்கே. நாள் பூரா என்னைக் கழுத்து வலிக்க உட்கார வச்சே! ஒரு பொத்தானை ஒழுங்கா அமுக்கத் தெரியல, இதுல பத்திரிகையில வேற பேரு!"

"வேணாம்னு ஒரு வார்த்தை சொல்லுங்கக்கா. இங்கேயே அழிச்சிடறேன்." இவள் விரல் நிஜமாகவே அழிக்கும் பொத்தானின் மேல் இருந்தது. அந்த விரலை நம்ப முடியாது என்பதால் எனக்கு மூச்சே நின்றுவிட்டது.

"கையை எடு முதல்ல" என்று அக்கா அதட்டினாள். "அழிச்சா படம்?"

"படம் இல்லக்கா."

அக்கா பெட்டி ஒன்றின் மேல் உட்கார்ந்தாள். அப்புறம் திரையில் உறைந்து நின்ற கடைசி இருக்கையைக் காட்டினாள்.

"இதுல தூங்கறது யாருன்னு கடைசியில போடுவியா? பேரெல்லாம் ஓடுமே."

"நான் நடிக்கிறது இல்லையேக்கா. எனக்கு என்னன்னு போடறது?"

"தூங்கியிருக்கே இல்ல? நான் யாருக்கோ கோட்டைக் கழட்டிப் போர்த்தி விட்டதா ஊர் நினைக்கணுமா? எழுது." அக்கா சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். "கடைசிப் பயணி. எங்க வீட்டுப் பொண்ணு."

இவள் எழுதவில்லை. வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள், கண்ணீர் விரலிடுக்கில் வழிந்தது. அக்கா எழுந்து வந்து, தோளைப் பிடித்து இழுத்து இவளை நாற்காலிப் பக்கம் திருப்பினாள்.

"இப்ப அழுது என்ன பிரயோஜனம்? எடுக்க ஆள் இல்ல. எழுதுடி."

இவள் எழுதினாள். எழுதியதை அக்கா எழுத்தெழுத்தாகப் படித்துச் சரிபார்த்தாள். பிறகு இன்னொரு தடவை அந்தக் காட்சியைப் போடச் சொல்லி, இரண்டு பேரும் ஒரே பெட்டியில் நெருக்கிக்கொண்டு உட்கார்ந்தார்கள். படத்தில் எனக்கு இனி இடமே இல்லை என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. ஏழு படத்தில் செத்தவன், எட்டாவது படத்தில் பிறக்கவே இல்லை.

நான் தேநீர் வாங்கப் போனேன். நான் தேநீர் வாங்கப் போகும்போதுதான் இவர்கள் இருவருக்கும் நல்லது நடக்கிறது. அதனால் கொஞ்சம் மெதுவாகவே நடந்தேன்.